பயனாளியும் கருவியும் ஒரே படத்தில்

பத்தரைக்கும் பதினொன்றரைக்கும் நடுவுல வீடியோவுல கூப்பிடுவோம், தயாராக இருக்கவும்னு ஆபீஸ்லேர்ந்து மெசேஜ். தயாரா இல்லாம? வேட்டி மாத்தி, இஸ்திரி போட்ட சட்டைய மாட்டி, தலைக்கு எண்ணெய் வச்சுச் சீவி, பொண்ணு பாக்க வந்த மாப்பிள்ள கணக்கா நாற்காலியில உக்காந்து அரை மணி நேரம் ஆகுது. போன்கிட்ட மணி கேட்டேன். பத்து இருபதுன்னுது. ரொம்ப நேரம் பொறுத்துத் திரும்பக் கேட்டேன். பத்து இருபத்தொண்ணுன்னுது. அதுக்குச் சலிப்பே கிடையாது. விரல் பட்ட இடத்துல என்ன இருக்கோ அதைப் படிச்சுச் சொல்ற பொம்பளக் குரல். என்னை மாதிரி கண்ணு தெரியாதவன் போன்ல எல்லாம் இருக்கிற குரல்தான். ஆறு வருசமா அதோட குடித்தனம். என் பெண்டாட்டி ஆவுடை அதுக்குச் சின்னவன்னு பேரு வச்சிருக்கா. "உங்க சின்னவ என்ன சொல்லுதா, மழை வருமாமா?"ன்னு கேப்பா. பெரியவ இப்ப வீட்டுல இல்ல. சுத்துன பீடியக் கொடுத்துட்டு, இலையும் தூளும் வாங்கிட்டு வாரேன்னு கடைக்குப் போயிருக்கா. நல்லதாப் போச்சு. அவ திரும்புறதுக்குள்ள இந்தக் கூத்து முடிஞ்சிரணும். முடியணுமே, எங்கப்பனே. இன்டர்நெட் உதவி கேட்டு நான் போட்ட மனு தள்ளுபடி ஆனது அவளுக்குத் தெரியாது. போன வாரம் மெசேஜ் வந்தப்ப அடுப்படியில நின்னு "என்னவாம்?"ன்னு கேட்டா. "பரிசீலனையில இருக்காம்"னு வாய் கூசாமச் சொல்லிட்டேன். அவளுக்குத் தெரியாமத் திரும்பப் பாக்கச் சொல்லி எழுதியும் போட்டேன், அதுக்குத்தான் இன்னைக்கு இந்த வீடியோ.

தள்ளுபடின்னா என்னன்னு எனக்குச் சொல்லித்தர வேண்டாம். என் பொழப்பே அதுதான். வக்கீல் சிதம்பரதாணு கார்ல போகும்போதே வாயால பேசி அனுப்பிருவாரு, மேற்படி வாதி, மேற்படி எதிர்வாதி, மேற்படி சொத்துன்னு, நடுவுல ஹாரன் சத்தம், டிரைவர வையிற சத்தம். அதையெல்லாம் சலிச்சு எடுத்து டைப் அடிச்சுத் திருப்பி அனுப்புறது நான். ஒரு எழுத்துப் பிசகாது. கண்ணு தெரிஞ்சவன் அடிச்சா மனுவுல நாலு தப்பு இருக்கும், உலகநாதன் அடிச்சா இருக்காதுன்னு கோர்ட்டுல அவரே சொல்லியிருக்காரு. இதுக்கெல்லாம் இன்டர்நெட் லைன் வேணும். வீட்டுக்குள்ள டவர் எடுக்காது, இந்தப் பக்கம் மூணு மாடி, அந்தப் பக்கம் கல்யாண மண்டபம், நடுவுல நாங்க பள்ளத்துல கிடக்கோம். அதனால கம்பி வழியா வர்ற லைன், அலமாரியில ஒரு மோடம். அந்தச் செலவுக்குன்னுதான் ஆவுடை தனியா ஒரு சுளவு, அதான் ஒரு முறம் நிறைய, பீடி சுத்துதா. வீட்டுக்கு ஒரு சுளவு, லைனுக்கு ஒரு சுளவு. தூள் நெஞ்சுல இறங்கி இருமலா இருமுதா. டாக்டரம்மா, பீடிய விடு, முழுசா விட முடியாட்டா பாதியாவது விடுன்னு முகத்துக்கு நேராவே சொல்லிட்டாங்க. இவ தலைய ஆட்டிட்டு வந்து அன்னைக்குச் சாயந்திரமே சுளவ மடியில வச்சிக்கிட்டா. அப்பத்தான் இந்தத் திட்டம் வந்துச்சு, மாசாமாசம் உதவித்தொகை வாங்குற மாற்றுத்திறனாளிக்கு வீட்டு இன்டர்நெட் செலவ அரசாங்கமே ஏத்துக்கும்னு. நான் சொன்னேன், ஏட்டி, இது வந்திரும், வந்தன்னைக்கு ரெண்டாவது சுளவத் தூக்கிப் பரண்ல போடு. வரலன்னா லைனை வெட்டிருவோம், கார்த்திகை கடைசி வரைக்கும்தான் பாக்கது. பெரிய மனுசன் மாதிரி சொல்லிட்டேன். வெட்டுனா வக்கீலுக்கு வேற ஆள் கிடைக்கும். கண்ணு தெரிஞ்ச ஆளே கிடைக்கும். எனக்கு? காலையில எந்திரிச்சு நானே பேப்பர் படிக்கேன். முந்தி பக்கத்து வீட்டு ரிட்டயர்டு வாத்தியார் படிச்சுச் சொல்வாரு, அவருக்குப் பிடிக்காத கட்சி நியூஸ் எல்லாம் எனக்கு வராது, ஒரு எலெக்ஷன் முடிவையே எனக்கு மூணு நாள் கழிச்சுத்தான் சொன்னாரு. திரும்ப அந்த வாசல்ல போயி நிக்கணுமா? முடியாது. செத்தாலும் முடியாது.

பத்து முப்பத்தொண்ணு. கூப்பிடல. கூப்பிடுவாங்க, ஒரு நிமிசந்தானே ஆயிருக்கு. மழை பிடிச்சிருச்சு, மண்டபத்துத் தகரத்துல விழுற சத்தம். எல்லாத்துக்கும் அந்தப் படந்தான் காரணம். பயனாளியும் கருவியும் ஒரே படத்தில் தெளிவாகத் தெரிய வேண்டும்னு போட்டிருந்தான். ஆவுடை "நான் எடுத்துத் தாரேன்"ன்னா. "ஏன், எனக்குக் கையில்லையா?"ன்னேன். "கை இருக்கு, அதுக்கில்ல"ன்னு ஆரம்பிச்சவ நிறுத்திக்கிட்டா. "நீ போயித் தண்ணி பிடி, இன்னைக்குக் குழாய்ல வரும்"னு விரட்டி விட்டேன். கதவு சாத்துற சத்தம் கேட்ட பொறவுதான் எடுத்தேன். எனக்கு ஆள் நிக்கது தெரியாமப் போகாது, அது வேற விசயம். பூனை வந்து நின்னாக்கூட மூச்சுல சொல்லிருவேன். வீட்டுல ஆளில்ல. மோடத்த அலமாரியிலேர்ந்து கம்பியோட இழுத்து, நெஞ்சுக்கு நேரா ஒரு கையில பிடிச்சுக்கிட்டு, மறு கைய நீட்டி போனைத் தூக்குனேன். சின்னவ வழி சொல்லுவா, முகம் இடப்பக்கம் இருக்கு, கொஞ்சம் மேலே தூக்குங்கன்னு. அன்னைக்கு என்ன சொன்னா தெரியுமா? இரண்டு முகங்கள்னா. ரெண்டு முகமா? எனக்குத் தெரிஞ்சு ஒரு முகந்தான் இருக்கு, அதையும் நான் பாத்துப் பதினெட்டு வருசமாச்சு. கொஞ்சம் திருப்புனேன். திரும்பவும் இரண்டு முகங்கள். அப்பத்தான் ஞாபகம் வந்துச்சு, எனக்குப் பின்னால செவத்துல மளிகைக்கடை காலண்டர் தொங்குது, திருச்செந்தூர் முருகன் படம் போட்டது. சவத்து மூதி, சாமியையும் ஆளையும் வித்தியாசம் தெரியாதா உனக்குன்னு வஞ்சுட்டு அமுக்கிட்டேன். க்ளிக்குன்னுது. அனுப்பிட்டேன். அஞ்சு நிமிசங்கழிச்சு ஆவுடை குடத்தோட வந்தா. "எடுத்தாச்சா?"ன்னா. "எடுத்தாச்சு, அனுப்பியும் ஆச்சு"ன்னேன், மீசைய முறுக்காத குறைதான்.

இப்பத் தோணுது, முருகனைக் கண்டுதான் தள்ளியிருப்பானோ, யாருடா இன்னொரு பயனாளின்னு? இருக்காது. காரணம் வேறல்ல போட்டிருந்துச்சு. சின்னவ உப்புச் சப்பில்லாமப் படிச்சா: தங்கள் மனு நிராகரிக்கப்படுகிறது, காரணம், கருவி செயல்பாட்டில் இல்லை. செயல்பாட்டில் இல்லை. அந்த மெசேஜே மேற்படி கருவி வழியாத்தானடா வந்து சேந்துச்சுன்னு கத்தணும்போல இருந்துச்சு. பொறவு ஒரு நினைப்பு வந்துச்சு. அலமாரியில மோடத்துக்குப் பக்கத்துலயே பழைய கேபிள் பெட்டி கிடக்கு. ரெண்டு வருசமா உசுரில்லாதது. அதே நீளம், அதே கனம். அதை எடுத்து நெஞ்சுல அணைச்சுக்கிட்டுப் பல்லக் காட்டியிருப்பேனோ? செத்த பெட்டியோட ஒரு குருடன். ஆபீஸ்ல நாலு பேரு கூடிப் பாத்துச் சிரிச்சிருப்பாங்களோ? இல்ல, மோடம்தான், சூடு இருந்துச்சு. சூடு இருந்துச்சா? என் கை சூடோ என்னவோ. ஒரு வாரமா இதே சுத்துதான், மோடமா பெட்டியா, பெட்டியா மோடமா. ஆவுடைகிட்டப் படத்தக் காட்டிக் கேட்டா ஒரு நொடியில சொல்லிருவா. கேக்க மாட்டேன். அதுவுமில்லாம இன்னைக்கு அந்த ஆபீசர் என்ன கேப்பாங்கன்னு எனக்குத் தெரியும். லைட் எரியுதான்னு கேப்பாங்க. அந்தக் கேள்விதான் எனக்கு ஆகாது. பார்வ போன புதுசுல கண்ணாஸ்பத்திரியில டாக்டர், டார்ச் அடிக்கேன்னு சொல்லி, வெளிச்சம் தெரியுதான்னு கேட்டாரு. பக்கத்துல ஆவுடை, கல்யாணமாகி ரெண்டு வருசம். தெரியுதுன்னேன். எந்தப் பக்கம்னாரு. குத்துமதிப்பா வலதுன்னேன். டார்ச்ச அவரு அடிக்கவே இல்லையாம், கையில சும்மா வச்சிருந்தாராம். ஆவுடை என் கையப் பிடிச்சா, அவ்வளவுதான், அழக்கூட இல்ல அவ. இப்ப லைட் எரியுதான்னு கேட்டா என்ன சொல்லுவேன்? எரியுதுன்னு சொல்லி அது எரியலன்னா?

பத்து நாப்பத்தெட்டு, போன் அடிக்கு. ரெண்டு தடவ வழுக்கி மூணாவது தடவ எடுத்தேன். "வணக்கம் சார், இணைய உதவிப் பிரிவுலேர்ந்து ஜெபகனி பேசுறேன். உலகநாதன் சார்தானே? முகம் தெரியுது, நல்லது." சின்னப் பொண்ணு குரல். பின்னால யாரோ டீ கேக்குறாங்க. "சார், உங்க மோடத்துல சிவப்பு லைட் எரியுதே, அதான் கனெக்ஷன் கட்டுன்னு தள்ளிட்டோம்." சிவப்பா? அப்போ படத்துல மோடம்தான் விழுந்திருக்கு! கேபிள் பெட்டி இல்ல! "தாயி, அந்த மோடம் வழியாத்தான் நீயும் நானும் இப்பப் பேசுறோம்"ன்னேன். "மொபைல் நெட்டா இருக்கலாம்லா சார், எல்லாரும் அப்படித்தான் சொல்லுதாங்க. மோடத்தக் காட்டுங்க." டவர் எடுக்காத கதையச் சொன்னேன், மண்டபத்தச் சொன்னேன், கேட்டுக்கிட்டா, ஆனா காட்டுங்கன்னுட்டா. இடது கையில போன், வலது கையில மோடம். "கொஞ்சம் மேல சார். இன்னும். அவ்வளவுதான். இந்தா, இப்பவும் சிவப்பாத்தானே இருக்கு, வட்டமா. மத்த லைட் ஒண்ணையும் காணோம்." எனக்குக் கண்ணக் கட்டுன மாதிரி ஆயிட்டு. கண்ணக் கட்ட என்ன இருக்கு, ஆனாலும் அப்படித்தான் இருந்துச்சு. "ஆனா சார், அது மினுக்கவே மாட்டேங்கு"ன்னா, குரல்ல ஒரு தயக்கம். போனை மடியில போட்டுட்டு மோடத்த ரெண்டு கையாலயும் தடவுனேன். சூடு இருக்கு, சந்தேகமில்லாம சூடு இருக்கு. முன்பக்கம் வழுவழுன்னு வரும், நடுவுல விரல் இடறுச்சு. சொரசொரன்னு ஒரு பொறுக்கு. நகத்தால கீறுனேன், உதிர்ந்துச்சு. மோந்து பாத்தேன். சந்தனம்.

சந்தனம்! அட கூறுகெட்டவனே! சரஸ்வதி பூசைக்கு நாந்தான வச்சேன்! புஸ்தகம், கீபோர்டு, போன், எல்லாத்துக்கும் ஆவுடை பொட்டு வச்சிக்கிட்டே வந்தா, மோடத்துக்கிட்ட வந்தப்ப, "கொண்டா, இது என் ஆயுதம், நானே வைக்கேன்"னு கிண்ணத்தப் பிடுங்கி, நல்ல வழுவழுப்பான இடமாத் தடவிப் பாத்து, மூணு விரலால அப்பி, நடுவுல குங்குமத்தையும் அழுத்தி வச்சேன். கண்ணுள்ளவன் லைட்டுக்கு மேல வைப்பானா? எனக்கு அது வழுவழுன்னு இருக்கிற இடம், அவ்வளவுதான். அவ பாத்திருப்பாளே, சொல்லியிருக்கலாம்ல? நான் விட்டாத்தானே. நாலு நாள் கழிச்சு அந்தப் பொட்டோடதான் படம் எடுத்திருக்கேன். "தாயி, இரு, போயிராத, இரு"ன்னு கத்திக்கிட்டு துண்டை எச்சித் தொட்டுத் துடைச்சேன், வேட்டியெல்லாம் செவந்திருக்கும், போகட்டும். தூக்கிக் காட்டுனேன். பொறவு அந்தப் பிள்ள சிரிச்ச சிரிப்பு இருக்கே! "சார், பச்சை! ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலும் பச்சை சார்! குங்குமமா அது? ஐயோ, நான் சிவப்பு லைட்டுன்னுல்லா எழுதிட்டேன்! எங்க வீட்டுல பூசையெல்லாம் கிடையாது, எனக்கு எப்படித் தெரியும்?" நானும் சிரிச்சேன். சிரிச்சுச் சிரிச்சுக் கண்ணுல தண்ணி. இந்தக் கண்ணுக்கு அந்த வேலை மட்டும் இன்னும் தெரியும். "சாங்ஷன் போட்டுட்டேன் சார், இந்த மாசத்துலேர்ந்தே உங்களுக்கு வரும்"னா. வெட்ட வேண்டாம். வாத்தியார் வாசலுக்குப் போக வேண்டாம். சுளவு பரணுக்குப் போகலாம்.

போனை வைக்கப் போறவ ஒரு பேச்சு பேசுனா. "பைல்ல வைக்க லைட் தெரியிற மாதிரி இன்னொரு படம் மட்டும் அனுப்பிருங்க சார். பழைய படமும் நல்லாத்தான் எடுத்திருக்கீங்க, நேரா, நடுவுல, கண்ணு தெரிஞ்சவங்களே இப்படி அனுப்புறதில்ல. இந்தத் தடவ அம்மாவ மட்டும் தள்ளி நிக்கச் சொல்லுங்க, பயனாளி மட்டுந்தான் வரணும்." எந்த அம்மான்னேன். "அந்தப் பழைய படத்துல உங்களுக்குப் பின்னாடி, கதவுகிட்ட நிக்காங்களே. கையில காலிக் குடம். சிரிப்ப அடக்க முடியாம முந்தானையால வாயப் பொத்திக்கிட்டு. உங்க வீட்டம்மாதானே?" நான் ஆமான்னேன். அவ வச்சிட்டா. மழை விட்டிருக்கு, தகரத்துலேர்ந்து சொட்டுற சத்தம் மட்டும். அன்னைக்குக் கதவ உள்ள நின்னுக்கிட்டேதான் சாத்தியிருக்கா. சின்னவ சரியாத்தான் சொல்லியிருக்கா, நான்தான் முருகனைப் பிடிச்சு வஞ்சிருக்கேன். மூச்சுல கண்டுபிடிச்சிருவேனாம், பூனை வந்தாலும் தெரியுமாம், பெரிய சூரன். ஜெபகனிக்கு அது சிரிப்பாத் தெரிஞ்சிருக்கு. அந்தப் பிள்ளைக்கு என்ன தெரியும். எனக்குத் தெரியும் அவ எதுக்கு வாயப் பொத்துவான்னு. அது இருமல். கீழ விழுந்து கிழுந்து வச்சிருவேனோன்னு பயந்து நின்னிருக்கா, நின்னவளுக்கு நெஞ்சுல இருமல் முட்டியிருக்கு, இருமுனா நான் கண்டுக்கிடுவேன், கண்டுக்கிட்டா எரிஞ்சு விழுவேன். சேலையத் திணிச்சுக்கிட்டு அடக்கியிருக்கா. அஞ்சு நிமிசம். பத்து நிமிசமோ என்னவோ. என்ன மனுசன்டா நான். என்ன பொம்பளடா அவ.

வாசல்ல செருப்பு உதறுற சத்தம், கூடவே இருமல். "என்ன, சட்டையெல்லாம் போட்டு ஜம்முனு உக்காந்திருக்கிய? வேட்டியில என்ன செவப்பு, ஐயையோ, ரத்தமா?" இலைக்கட்ட அப்படியே போட்டுட்டு ஓடி வந்தா. "குங்குமம்ட்டி"ன்னேன். மனு தள்ளுபடி ஆனதுலேர்ந்து பச்சை லைட் வரைக்கும் ஒண்ணு விடாமச் சொன்னேன், பொய் சொன்னதையும் சொன்னேன். அவ பக்கத்துல உக்காந்துட்டா. "நிசமாவே வந்துட்டா? நிசமாவா?"ன்னு நாலு தடவ கேட்டா. மூக்க உறிஞ்சுற சத்தம். "அந்த ரெண்டாவது சுளவத் தூக்கிப் பரண்ல போடு. இப்பவே, என் கண்ணு முன்னால"ன்னேன். எந்திரிச்சுப் போனா, ஸ்டூலை இழுத்தா, பரண்ல சுளவு விழுற சத்தம் கேட்டுச்சு, எனக்கு அது போதும். திரும்பி வந்தவகிட்டச் சும்மா கேட்டேன், "அன்னைக்கு நான் படம் எடுக்கும்போது நீ எங்க இருந்த?" "குழாயடியில. ஏன்?" "ஒண்ணுமில்ல. இன்னொரு படம் வேணுமாம். நீயே எடுத்துக் கொடுத்திரு"ன்னு போனை நீட்டுனேன். அவ வாங்கல. "ஏன், நீங்களே எடுங்க. போன தடவ எவ்வளவு அழகாப் பிடிச்சிய, கை கொஞ்சங்கூட ஆடாம"ன்னா. சொல்லிட்டு டக்குனு நிறுத்துனா. குழாயடியில நின்னவளுக்கு அது எப்படித் தெரியும்னு கேக்கல. அவளுக்கே சிரிப்பு பொத்துக்கிட்டு வந்துட்டு, சிரிப்பு இருமலாச்சு. மோடத்த மடியில வச்சுட்டு அவ முதுகத் தடவிக் கொடுத்தேன். "வாயப் பொத்தாத, நல்லா இருமு"ன்னேன். இருமினா. அடங்குன பொறவு மோடத்தத் தூக்கி நெஞ்சுக்கு நேரா வச்சேன், மறு கையில போனை நீட்டுனேன். இரண்டு முகங்கள்னா சின்னவ. "நான் தள்ளிக்கிடுதேன்"னு பெரியவ எந்திரிக்கப் போனா. ஆபீசுக்குத் தனியா ஒண்ணு எடுத்துக்கிடலாம், இது நமக்கு, உக்காருன்னு சொல்லிப் பட்டனை அமுக்குனேன்.